வெயிலையும் நடிக்கவைத்த வினோத்ராஜ்!

வேலூர்க்காரங்களுக்கு வெயிலைப் பத்தி யாரும் கிளாஸ் எடுக்கத் தேவையில்லை. ஆனா, ஸ்கிரீன்ல இருந்து அந்த வெயில் உங்க மேல அடிச்சிருக்கா? 'கூழாங்கல்' பார்த்தா அடிக்கும்.

மேலூர் பக்கம் அரிட்டாபட்டியில் பி.எஸ்.வினோத்ராஜ் எடுத்த முதல் படம் இது. 2021-ல் ராட்டர்டாம் திரைப்பட விழாவின் டைகர் விருதை வென்றது. கதைன்னு கேட்டா ரெண்டு வரிதான். கோவிச்சுக்கிட்டுப் போன மனைவியைக் கூட்டிவர, குடிகார அப்பா பள்ளிக்கூடத்திலிருந்து மகனை இழுத்துக்கிட்டுப் போறார். திரும்பும்போது பஸ்ஸுக்கான காசைப் பையன் கிழிச்சுப்போட, ரெண்டு பேரும் வெயிலில் நடக்கிறாங்க.

இந்த நடை கற்பனை இல்லை. கணவன் விரட்டிவிட்டதால், வினோத்ராஜின் சகோதரி கைக்குழந்தையோடு 13 கிலோமீட்டர் நடந்தே பிறந்த வீட்டுக்கு வந்தவர். அந்தத் தூரத்தை ஒரு ஆம்பளை நடந்தா எப்படியிருக்கும்? அதுதான் படம்.

இவ்வளவு கோபம் இருக்கிற ஒருத்தர், அப்பா கேரக்டரை வசனத்திலேயே வெளுத்திருக்கலாம். இவர் அதைச் செய்யலை. கேமரா பின்னாடியே போகுது, அவ்வளவுதான். பையன் உடைஞ்ச கண்ணாடித் துண்டில் வெயிலைப் பிடிச்சு அப்பா முதுகில் அடிக்கிறான். பேச்சே இல்லை. ஆனா, அந்த வீட்டில் தினமும் என்ன நடக்கும்னு நமக்குப் புரிஞ்சிடுது. இன்னொரு பக்கம், ஒரு குடும்பம் எலி பிடிச்சுச் சுட்டுச் சாப்பிடுது. கதைக்கு அது எதுக்குன்னு நானும் முதல்ல யோசிச்சேன். மழையில்லாத ஊர்ல ஒரு மதிய நேரம் எப்படிப் போகும்னு வேற எப்படிக் காட்டுறது?

அடுத்த படமான 'கொட்டுக்காளி'யில் (2024) பின்னணி இசையே கிடையாது. 'இங்கே அழணும்'னு வயலின் வந்து சொல்லாது. பொறுமை சோதிக்கப்படும்தான். ரீல்ஸ் பழக்கத்தில் ரெண்டு தடவை போனை எடுத்தேன், ஒத்துக்கிறேன்.

ஆம்பூரில் ஷூ கம்பெனி ஷிப்ட் முடியிற நேரம் ரோட்டோரமா நின்னு பாருங்க. டிபன் பையோடு பெண்கள் வேனுக்கு ஓடுறதை யாரும் படமா நினைக்கிறதில்லை. வினோத்ராஜ் அங்கே கேமரா வெச்சா வேன் கிளம்பினதும் கட் பண்ண மாட்டார்னு தோணுது. ஏன்னா, 'கூழாங்கல்' கடைசி ஷாட்டும் அப்படித்தான். ஒரு பெண் குழியில் ஊறுற தண்ணியைக் கொஞ்சம் கொஞ்சமா மொண்டு குடத்தில் ஊத்துறாங்க. மத்தவங்க காத்திருக்காங்க. நாமும்தான்.