ஆசியாட் ஜுரமும் ஒன்பதேகால் ரூபாய்க் கூலியும்

"தில்லியில் இந்தப் பாலமெல்லாம் எப்போ வந்தது?" என்று சங்கத்துப் பிள்ளைகள் கேட்டால், மூல்சந்த் பக்கம் கையைக் காட்டி "ஆசியாட் வந்தப்போ" என்பேன். 1982 நவம்பர் 19 முதல் டிசம்பர் 4 வரை இங்கு நடந்த ஒன்பதாவது ஆசிய விளையாட்டைத்தான் சொல்கிறேன். 1951இல் முதலாவதும் தில்லியில்தான். அன்று 11 நாடுகள்; 1982இல் 33.

எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. கரோல்பாகில் மாமாவின் பாத்திரக் கடையில் நிற்பேன். ஊரே கல்யாண வீடு மாதிரி இருந்தது. நேரு ஸ்டேடியம், இந்திரப்பிரஸ்த உள்ளரங்கம், தல்கட்டோரா நீச்சல் குளம், சிரிக்கோட்டையில் வீரர் குடியிருப்பு என்று எங்கும் வேலை மும்முரம். எங்கு திரும்பினாலும் யானைக்குட்டி அப்பு. ஆகஸ்ட் 15இல் தூர்தர்ஷனில் வண்ணம் வந்ததும் தெருவில் வேறு பேச்சே இல்லை. மாமாவும் கலர் டி.வி. வாங்கினார்; விலையை மட்டும் அத்தையிடம் கடைசிவரை சொல்லவில்லை!

கட்டட வேலைக்கு ராஜஸ்தான், உத்தரப்பிரதேசம், ஒரிசாவிலிருந்து ஆட்கள் வந்திருந்தார்கள். அவர்களில் ஒருவர் அலுமினியத் தேக்சா வாங்க வந்து, ஒரு ரூபாய் குறைக்கச் சொல்லி அரைமணி நேரம் நின்றார். நான் மசியவில்லை. அந்த ஒரு ரூபாயின் கணக்கு எனக்குப் புரிந்தது பல வருஷம் கழித்து, உச்ச நீதிமன்றத் தீர்ப்பை அகராதி வைத்துக்கொண்டு படித்தபோதுதான்.

அன்றைய குறைந்தபட்சக் கூலி நாளொன்றுக்கு 9 ரூபாய் 25 காசு. ஒப்பந்தக்காரர் அதை ஜமாதாரிடம் கொடுப்பார். ஜமாதார் தலைக்கு ஒரு ரூபாய் கமிஷன் பிடித்துக்கொண்டு எட்டேகால் கொடுப்பார். மக்கள் ஜனநாயக உரிமை அமைப்பு ஒன்று இதை நீதிபதி பகவதிக்குக் கடிதமாக எழுத, அந்தக் கடிதமே மனுவாக ஏற்கப்பட்டு, 1982 செப்டம்பர் 18இல் தீர்ப்பு வந்தது.

அரசியல் சட்டத்தின் 23ஆம் பிரிவு கட்டாய உழைப்பைத் தடுக்கிறது. கட்டாயம் என்றால் தடியெடுத்து வேலை வாங்குவது மட்டுமா? வயிறு காய்கிறவன், வேறு வழியில்லாமல், சட்டம் சொன்ன கூலிக்கும் குறைவாக ஒப்புக்கொண்டால் அதுவும் கட்டாயமே என்றது நீதிமன்றம். 'ஒப்பந்தக்காரர் பொறுப்பு' என்று அரசுத் தரப்பு கைகழுவப் பார்த்ததும் செல்லவில்லை. குழந்தைத் தொழிலாளர் சட்டப் பட்டியலில் அப்போது கட்டட வேலை கிடையாது. ஆனாலும் 24ஆம் பிரிவே போதும், 14 வயதுக்குக் கீழே யாரையும் அந்த வேலையில் வைக்கக்கூடாது என்றும் சொன்னார்கள்.

இரண்டு மாதத்தில் விளையாட்டு தொடங்கிவிட்டது. உஷா இரண்டு வெள்ளி வாங்கினபோது கடையில் லட்டு கொடுத்தோம். ஹாக்கியில் பாகிஸ்தானிடம் 7-1 என்று தோற்றபோது மாமா டி.வி.யைத் துணி போட்டு மூடிவிட்டார். தேக்சா கேட்டு வந்தவர் அப்புறம் கடைப்பக்கம் வரவே இல்லை.