வடக்கின் கதையைச் சுமந்த மலையக முகம்

‘இனி அவன்’ படத்தை முதன்முதலாகப் பார்த்தபோது, அதன் நாயகன் யாழ்ப்பாணத்துக்காரர் என்றே நினைத்தேன். புனர்வாழ்வு முடிந்து ஊர் திரும்பும் முன்னாள் போராளி. ஊரார் சந்தேகத்தோடு பார்க்கிறார்கள், வேலை கிடைப்பதில்லை. அந்தப் பாத்திரமாகவே வாழ்ந்திருந்தார் தர்ஷன் தர்மராஜ். அவர் பிறந்தது வடக்கில் அல்ல, சப்ரகமுவா மாகாணத்து இறக்குவானையில் என்று பிறகுதான் அறிந்தேன்.

பதுளைத் தோட்டமொன்றில் வளர்ந்த எனக்கு அந்தப் படம் அயலூர்க் கதையாகத் தெரியவில்லை. 2000 ஒக்ரோபர் 25ஆம் திகதி, எங்கள் மாவட்டத்தின் பண்டாரவளைக்கு அருகே, பிந்துனுவெவ புனர்வாழ்வு முகாமில் 25இற்கும் மேற்பட்ட தமிழ் இளைஞர்கள் கும்பலொன்றால் கொல்லப்பட்டார்கள். 2005இல் உயர் நீதிமன்றம், தண்டனை பெற்றிருந்தவர்களில் எஞ்சியவர்களையும் விடுவித்தது. வீடு திரும்பாமலே போனவர்களை நினைத்துக்கொண்டுதான் திரும்பி வந்தவனின் கதையைப் பார்த்தேன்.

அசோக ஹந்தகம இயக்கிய ‘இனி அவன்’, 2012இல் கான் விழாவின்போது நடைபெறும் ‘அசிட்’ பிரிவில் திரையிடப்பட்டது. அதே ஆண்டு வெளியான ‘மாதா’விலும் தர்ஷனுக்குப் போராளி வேடமே. சிங்களத் திரையுலகம் ஒரு தமிழ் நடிகனைத் தேடியபோது, அதற்குத் தேவைப்பட்டது போரின் முகம். தனக்குக் கிடைத்த அந்த வேடத்துக்கு அவர் மனித உயிர் கொடுத்தார். 2022 ஒக்ரோபர் 2ஆம் திகதி, 41ஆவது வயதில், மாரடைப்பால் காலமானார்.

மலையகத்தின் கதையைத் திரையில் சொல்ல முயன்றவர்கள் இல்லாமல் இல்லை. 1963இல் ‘தோட்டக்காரி’ வந்தது. 1975இல் தொழிற்சங்கவாதி வி.பி.கணேசன் ‘புதிய காற்று’ படத்தைத் தயாரித்து, அதில் நடிக்கவும் செய்தார். 2013இல் சுமதி சிவமோகன் ‘இங்கிருந்து’ எடுத்தார். ஆனால் ஒவ்வொரு முயற்சிக்கும் இடையே நீண்ட இடைவெளி. பணம், கருவி, திரையரங்கு எல்லாம் கொழும்பில் இருக்கும்போது, தோட்டத்துப் பிள்ளை நடிகனாவதே பெரும்பாடு. இயக்குநராவது அதைவிடப் பெரும்பாடு.

நடிப்பு மட்டும் எங்களுக்குப் புதிதல்ல. மாசி மாதம் காமன் கூத்து தொடங்கினால் தோட்டமே மேடையாகும். தப்பு முழங்க, பகலில் கொழுந்து மடுவத்தில் நின்ற ஆண் இரவில் ரதியாகி அழுவார். பார்ப்பவர்களும் சேர்ந்து அழுவார்கள்.

அண்மையில் ஊருக்குப் போனபோது, லயத்து வாசலில் கைபேசியை விறகுக் கட்டில் சாய்த்து வைத்துப் படம் பிடித்துக்கொண்டிருந்தான் ஒரு தம்பி. 2014 ஒக்ரோபர் 29 அன்று கொஸ்லந்தை மீரியபெத்தையில் லயங்களை மூடிய மண்சரிவுதான் அவனது கதை.

“யாருப்பா நடிகர்?” என்றேன்.

“நான்தாண்ணே. டைரக்டரும் நான்தான். வேற யாரு வந்து எடுப்பா?”

தர்ஷன் உங்கள் வீட்டுப் பிள்ளையாக நின்று உங்கள் கதையைச் சுமந்தார். இந்தத் தம்பியின் படம் முடிந்து உங்கள் கைபேசிக்கு வரும் நாளில், ஐந்து நிமிடம் ஒதுக்கி அதைப் பாருங்கள்.