காகித விமானங்களும் கலா என்ற தாயின் பெயரும்

துப்பாக்கி வெடிச் சத்தத்தை ஒரு பாட்டுக்குள் வைக்கலாமா? 'பேப்பர் பிளேன்ஸ்' (காகித விமானங்கள்) என்ற ஆங்கில ஹிப் ஹொப் பாட்டைக் கேட்கும் எமது பெண்கள் பலருக்கு இந்தக் கேள்வி எழும். எனக்கும் எழுந்தது. உண்மையான வெடிச் சத்தத்துக்குப் பிள்ளைகளை அணைத்துக்கொண்டு பதுங்கு குழிக்குள் ஓடியவர்களுக்கு அதைத் தாளமாகக் கேட்பது இலகுவல்ல.

ஆனாலும் இந்தப் பாட்டு எமக்கு அந்நியமானதல்ல. பாடியவர் எம்.ஐ.ஏ. எனப்படும் மாதங்கி அருள்பிரகாசம். அந்தச் சுருக்கப் பெயர் 'போரில் காணாமற் போனவர்' என்பதைக் குறிக்கும் ஆங்கிலச் சொற்றொடரில் இருந்து வந்தது. 1975 இல் லண்டனில் பிறந்த மாதங்கி, கைக்குழந்தையாகவே யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுவரப்பட்டார். தந்தை இயக்க வேலைகளில் ஈடுபட்டிருந்ததால் மூன்று பிள்ளைகளையும் வளர்க்கும் பொறுப்பு தாய் கலாவின் தலையில் விழுந்தது. இடையில் சென்னையிலும் வாழ்ந்தனர். 1986 ஆம் ஆண்டளவில் தாயும் பிள்ளைகளும் அகதிகளாக லண்டன் சென்றனர். அங்கே கலா தையல் வேலை செய்து குடும்பத்தைத் தாங்கினார்.

ஹிப் ஹொப் 1970களில் நியூயோர்க்கின் புரொங்ஸ் பகுதியில் வறிய இளைஞர்களிடையே பிறந்தது. தாளத்துக்கு ஏற்பச் சொற்களை அடுக்கி உரைப்பதே றப். பழைய பாட்டொன்றின் துண்டை வெட்டியெடுத்து, அதைத் திரும்பத் திரும்ப ஒலிக்கவிட்டுப் புதிய இசை செய்வது இதன் ஒரு முறை. 'பேப்பர் பிளேன்ஸ்' பாட்டை அமைத்த டிப்லோ, சுவிட்ச் ஆகிய இலத்திரனியல் இசைக்கலைஞர்களும் அப்படியே செய்தனர். 'த கிளாஷ்' என்ற பிரித்தானியக் குழுவின் 1982 ஆம் ஆண்டுப் பாட்டொன்றிலிருந்து கிற்றார் இசையை எடுத்தனர். அந்தப் பழைய பாட்டும் குடியேறிகளையும், வியட்நாமில் அமெரிக்கச் சிப்பாய்களுக்குப் பிறந்து கைவிடப்பட்ட பிள்ளைகளையும் பற்றியதே.

2006 இல் அமெரிக்காவில் வேலை செய்வதற்கான வீசா மாதங்கிக்குக் கிடைக்கவில்லை. அதனால் இந்தியா, ஜமேக்கா, திரினிடாட், அவுஸ்திரேலியா என்று பல நாடுகளில் பாட்டுக்களைப் பதிவு செய்தார். அந்த இறுவட்டு 2007 இல் வெளியானது. முதல் இறுவட்டுக்குத் தந்தையின் பெயரை வைத்தவர், இதற்குத் தாயின் பெயரை வைத்தார்: 'கலா'.

வீசாவுக்காக அலைந்த அனுபவத்தில் இருந்தே 'பேப்பர் பிளேன்ஸ்' உருவானது. பல்லவியில் சிறுவர் குரல்களுடன் வெடிச் சத்தமும், அதையடுத்துக் கடையின் காசுப்பெட்டி திறக்கும் சத்தமும் கேட்கின்றன. குடியேறி வந்தவர்கள் பணத்தைப் பறிக்கத்தான் வந்திருக்கிறார்கள் என்று நினைப்போரின் பயத்தை அவர்களுக்கே திருப்பிக் காட்டும் கேலி அது. சில அமெரிக்கத் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் அந்தச் சத்தத்தை மாற்றியே ஒலிபரப்பினர்.

2008 இல் இப்பாட்டு அமெரிக்க பில்போர்ட் வரிசையில் 4 ஆம் இடத்தைப் பிடித்தது. 'ஸ்லம்டோக் மில்லியனர்' படத்திலும் இடம்பெற்றது. கிராமி விருதுக்கும் பரிந்துரைக்கப்பட்டது. 2009 பெப்ரவரியில் நடந்த அந்த விழா மேடையில் மாதங்கி நிறைமாத வயிற்றோடு பாடினார். சில நாட்களில் மகன் பிறந்தான். அதே மாதத்தில் வன்னியில் எமது கர்ப்பிணித் தாய்மார் ஷெல் வீச்சுக்கு நடுவே இடம்பெயர்ந்து கொண்டிருந்தனர். அந்நாட்களில் வன்னி மக்களின் நிலையை அவர் அமெரிக்க ஊடகங்களில் எடுத்துச் சொன்னார். அதற்காகக் கண்டனங்களையும் சந்தித்தார்.

அந்த வெடிச் சத்தம் எனக்கு இன்னும் பிடிக்கவில்லை. பிடிக்கவில்லை என்று சொல்லும் உரிமை எம் எல்லோருக்கும் உண்டு. ஆனால் ஒரு காகிதம் மறுக்கப்படும்போது ஏற்படும் அவமானத்தை நாம் நன்கு அறிவோம். அடையாள அட்டைக்கும், காணி உறுதிக்கும், காணாமற் போன கணவரைப் பற்றிய ஒரு பதில் கடிதத்துக்கும் கந்தோர் கந்தோராக ஏறி இறங்கியவர்கள் நாங்கள். அந்த அவமானத்தை மாதங்கி உலகம் கேட்கும்படி பாட்டாக்கினார். அந்த இறுவட்டின் அட்டையில் இருப்பது, தைத்துப் பிள்ளைகளை வளர்த்த ஒரு தமிழ்த் தாயின் பெயர். பாட்டில் வரும் வெடிச் சத்தத்தை விட, அந்தப் பெயரையே எமது பிள்ளைகளுக்கு நான் சொல்லிக் கொடுப்பேன்.