நினைவின் முகவரிகள் – 12: திரிகைப் பாட்டுக்காரிகள்

சென்ற வாரம் சனிவார் வாடாவின் பெரிய கதவைப் பார்த்தோம். 1732-ல் எழும்பி, 1828-ல் தீக்கிரையான பேஷ்வாக்களின் அரண்மனை. புனேவுக்கு வருகிறவர்கள் படம் எடுத்துக்கொள்வது அதன் முன்னால்தான். இந்த வாரம் பார்க்கப்போவதற்கு மதிலும் கிடையாது, நுழைவுச் சீட்டும் கிடையாது. பொழுது விடியுமுன் எழுந்து மாவரைத்த பெண்களின் பாட்டு அது.

நம் பாட்டிமார் திரிகை என்றதை மராத்தியில் ஜாத்தே என்கிறார்கள். கீழ்க்கல் அசையாது. நடுவில் முளை, அதன்மேல் மேல்கல் சுற்றும். கல்லில் செருகிய மரப்பிடியை, எதிரெதிரே காலை நீட்டி உட்கார்ந்த இரண்டு பெண்கள் சேர்ந்து பிடித்துக்கொள்வார்கள். ஒருத்தி இழுக்கும்போது மற்றவள் தள்ள வேண்டும். ஒரு கை பிடியில் இருக்க, இன்னொரு கை கம்பையோ சோளத்தையோ பிடிபிடியாகக் குழியில் போட்டபடி இருக்கும். அன்றைக்குத் தட்டவேண்டிய பாக்ரி ரொட்டிக்கு அன்றைக்கே மாவு வேண்டும். தோள் கழன்றுபோகிற வேலை. அந்தச் சுற்றுக்கு ஏற்றபடி ஒருத்தி இரண்டடி எடுத்துக் கொடுப்பாள். கூட இருப்பவள் வாங்கிக்கொள்வாள். கல் நிற்கும்வரை பாட்டும் நிற்காது.

இந்த இரண்டடிப் பாட்டுக்கு ஓவி என்று பெயர். 1290-ல் ஞானேசுவரர் கீதைக்கு மராத்தியில் உரை பாடியதும் ஓவி என்கிற யாப்பில்தான். நாமதேவர் வீட்டு வேலைக்காரியாக இருந்த ஜனாபாய் மாவரைக்கும்போது விட்டலனே வந்து கூட உட்கார்ந்து கல்லைச் சுற்றினான் என்பது அவன் அடியார்களான வார்க்கரிகளின் நம்பிக்கை. பண்டரிபுரத்தை அடுத்த கோபால்பூரில் அவளுடைய திரிகை என்று ஒன்றை இன்றும் காட்டுகிறார்கள். நமக்கும் இது புதிதல்ல. சிலப்பதிகாரத்து வாழ்த்துக் காதையில் உலக்கை குத்தும் பெண்கள் வள்ளைப்பாட்டு பாடுகிறார்கள். மாணிக்கவாசகர் சுண்ணம் இடிக்கும் பாட்டையே பதிகமாக்கிவிட்டார்.

என்ன பாடினார்கள்? பிறந்த வீட்டைப் பற்றி, பார்க்க வராத அண்ணனைப் பற்றி, மாமியாரைப் பற்றி, விட்டலனைப் பற்றி, பெய்யாத மழையைப் பற்றி. சீதை காட்டுக்குப் போனதைத் தங்கள் புகுந்த வீட்டுக் கதைபோலவே பாடினார்கள். தலித் பெண்கள் அம்பேத்கரையும் அவர் மனைவி ரமாபாயையும் பாடினார்கள். நேரில் சொன்னால் வம்பாகிவிடும் பேச்செல்லாம் அந்த இருட்டில், கல் உருளும் சத்தத்துக்கு நடுவே வெளியே வந்தது. பாட்டில் சொன்னதற்கு யாரும் சண்டைக்கு வர முடியாதே!

பிறகு மின்சாரம் வந்தது. ஊருக்கு ஊர் மாவு மில் வந்தது. கல்லோடு சேர்ந்து பாட்டும் மூலைக்குப் போனது. கல்யாணத்துக்கு மஞ்சள் அரைக்கிற சடங்குக்காக மட்டும் சில வீடுகளில் ஜாத்தே வெளியே வருகிறது. ‘பாட்டு போச்சே’ என்று புலம்புகிறவர்களிடம் எனக்கு ஒரு வார்த்தை உண்டு: மில் வந்ததில் அந்தப் பெண்களுக்கு வருத்தம் ஏதும் இருந்திருக்காது. கூடுதலாக ஒரு மணி நேரம் தூங்கக் கிடைத்ததைக் குறை சொல்ல நாம் யார்?

பாட்டு முழுக்கப் போய்விடாமல் தடுத்தவர்கள் புனேவில் இருந்தார்கள். பிரான்சில் பிறந்து இந்தியாவுக்கு வந்து இங்கேயே தங்கிவிட்ட கி புவாத்வேன், அவரோடு ஹேமா ராயிர்கர். இருவரும் சேர்ந்து சமூக அறிவியல் கூட்டுறவு ஆய்வு மையம் ஒன்றை நடத்தினார்கள். ஏட்டுப் படிப்போடு நின்றவர்கள் அல்ல. புனே மாவட்டத்து மலை ஊர்களில் ஏழைகளோடு வேலை செய்தவர்கள். அந்த ஊர்ப் பெண்களின் மனதை அறிய, கேள்வித்தாளைவிட அவர்களுடைய பாட்டே நல்ல வழி என்று கண்டுகொண்டார்கள். இருபது ஆண்டுகளுக்கு மேல் நடந்த அந்த வேலையில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட கிராமங்களிலிருந்து ஒரு லட்சத்துக்கும் அதிகமான பாடல்கள் சேர்ந்தன. 1990-களில் பெர்னார் பெல் என்ற இசை ஆய்வாளர் வந்து சேர்ந்த பிறகு, 120 மணி நேரத்துக்கும் மேல் குரலாகவும் பதிவானது.

அந்த ஊர்களில் பல முள்சி தாலுக்காவில் உள்ளவை. டாடாவின் அணைக்கு நிலம் போவதை எதிர்த்து 1921-ல் சேனாபதி பாபட்டின் தலைமையில் விவசாயிகள் சத்தியாக்கிரகம் செய்த இடம். அணை வந்தே தீர்ந்தது. மின்சாரம் மும்பைக்குப் போனது. காலையில் நம் பிள்ளைகள் ஐடி வேலைக்கு பஸ் பிடித்துப் போகும் ஹிஞ்சவடியும் இதே முள்சி தாலுக்காதான் என்பது அவர்களில் எத்தனை பேருக்குத் தெரியுமோ.

2004-ல் புவாத்வேன் இறந்துவிட்டார். பெட்டியில் கிடக்கும் ஒலிநாடாவுக்கும் மூலையில் கிடக்கும் திரிகைக்கும் பெரிய வித்தியாசமில்லை. யாராவது எடுத்தால்தான் உண்டு. சென்னையில் பிறந்த பத்திரிகையாளர் பி. சாய்நாத் 2014-ல் தொடங்கிய ‘பாரி’ இணைய இதழ் அதை எடுத்தது. 2017 முதல் அந்தப் பாடல்களை ஒலியும் எழுத்தும் மொழிபெயர்ப்புமாகத் தொடர்ந்து வெளியிட்டது. அதோடு விடவில்லை. பதிவில் இருந்த ஊர்களுக்குத் திரும்பிப் போய், பாடியவர்களைத் தேடிப்பிடித்து, மறுபடி பாடவைத்துப் படமெடுத்தார்கள். தேடிப் போக முடிந்ததற்குக் காரணம், ஒவ்வொரு பாட்டோடும் பாடியவரின் பெயரும் ஊரும் குறிக்கப்பட்டிருந்ததுதான். இந்த முயற்சியிலேயே பெரிய காரியம் என்று நான் நினைப்பது இதைத்தான்.

புனேவை அடுத்த தேஹுவில், துக்காராமின் அபங்கப் பாடல்களைக் கோயில் சுவரெங்கும் பளிங்கில் பொறித்து வைத்திருக்கிறார்கள். அவர் மகான், பெயர் நிலைத்தது. மாவரைத்தவளின் பாட்டோ ‘நாட்டுப்புறப் பாடல்’ என்ற ஒரே பொதுப்பெயருக்குள் அடங்கிவிடுகிறது. நம்மிடமும் இதே கதைதான். நா. வானமாமலை 1964-ல் ‘தமிழர் நாட்டுப் பாடல்கள்’ வெளியிட்டபோது பல பாடல்களின் கீழே சேகரித்தவர் பெயரையும் வட்டாரத்தையும் கொடுத்தார். அந்த அளவு அக்கறைகூட அவருக்குப் பின் வந்த எத்தனையோ தொகுப்புகளில் இல்லை. பாடியவள் யார் என்று கேட்டால் பதில் கிடைக்காது.

உங்கள் வீட்டிலோ தெருவிலோ தாலாட்டும் ஒப்பாரியும் நடவுப்பாட்டும் தெரிந்த ஆச்சி ஒருவர் நிச்சயம் இருப்பார். கேட்டால், ‘எனக்கென்ன தெரியும், போப்பா’ என்பார். விட்டுவிடாதீர்கள். அவர் வெங்காயம் உரிக்கிற நேரமாகப் பார்த்துக் கூட உட்காருங்கள். செல்போனை ஓரமாக வையுங்கள். பாட்டைப் பதிந்ததும் அவருடைய பெயர், பிறந்த ஊர், வாழ்க்கைப்பட்ட ஊர், அந்தப் பாட்டை யாரிடம் கற்றார் என்பது, பதிந்த தேதி ஆகிய ஐந்தையும் அவர் வாயாலேயே சொல்லவைத்துச் சேர்த்துப் பதிந்துவிடுங்கள்.