சந்தர்ப்பவாதக் கிருமிகளும் மருந்துப் பயன்பாடும்

ஆற்று நீரிலும் ஈரமண்ணிலும் வாழும் சூடோமோனாசு என்னும் பற்றீரியா, நலமுள்ள உடலுக்குப் பெரும்பாலும் தீங்கு செய்வதில்லை. மகாவலியில் நீராடுவோர் அதனைப் பொருட்படுத்துவதுமில்லை. ஆயின் தீப்புண் பட்டவர், சுவாசக் குழாய் பொருத்தப்பட்டவர், புற்றுநோய்ச் சிகிச்சையால் எதிர்ப்புச் சக்தி குன்றியவர் ஆகியோரிடத்து அதுவே உயிர்க்கொல்லியாகின்றது. இதனாலேயே இத்தகையவற்றைச் சந்தர்ப்பவாதக் கிருமிகள் என்கிறோம்.

இவற்றுக்குச் சிகிச்சையளித்தல் ஏன் கடினமாகின்றது? மருந்து எளிதில் உட்புகாத புறமென்சவ்வு இக்கிருமிக்கு உண்டு. புகுந்த மருந்தை வெளியேற்றும் பம்பிகள் உண்டு. பெனிசிலின் இன மருந்துகளைச் சிதைக்கும் நொதியங்களும் உண்டு. ஆகவே சீழையோ குருதியையோ வளர்ப்புச் சோதனைக்கு உட்படுத்தி, எம்மருந்துக்குக் கிருமி பணியுமென அறிதல் வேண்டும். தொற்றுக்கு இடமான குழாயை அகற்றலும் சீழை வடித்தலும் மருந்தைப் போலவே முக்கியமானவை. கார்பபெனெம் மருந்துகளும் பயன்தராதவிடத்து, சிறுநீரகத்தைத் தாக்குமென முன்னர் ஒதுக்கப்பட்ட கொலிஸ்ரினையே சிலவேளை நாடவேண்டியுள்ளது. புதிய மருந்துகள் சில வந்துளவெனினும் அவற்றின் விலை வறிய நாடுகளுக்கு எட்டுவதாயில்லை.

பேராதனை மருத்துவ பீடாதிபதியாகவும், 1971 இல் தோன்றிய அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனத்தின் முதல் தலைவராகவும் விளங்கிய பேராசிரியர் சேனக பிபிலே, மருந்துகள் தேவையறிந்தே பயன்படுத்தப்படல் வேண்டுமென வற்புறுத்தினார். அக்கருத்தின் ஆழத்தை இன்று மேலும் உணர்கிறோம். சாதாரண தடிமனுக்கு வீணே விழுங்கும் நுண்ணுயிர்கொல்லி வில்லை, உடலில் எதிர்ப்பாற்றலுள்ள கிருமிகளையே எஞ்சவிட்டுப் பெருகச் செய்கின்றது. அவை பிறருக்கும் பரவுவதால், அதன் விலையை வைத்தியசாலைக் கட்டிலிற் கிடக்கும் வேறொருவர் செலுத்த நேர்கின்றது. ஆதலின், மருந்துச் சீட்டின்றி இவற்றை வாங்குவதையும் விற்பதையும் தனிமனிதர் விடயமென நாம் கருதமுடியாது.