கல்பாக்கம் மணலும் தோரியத்தின் நீண்ட வழியும்

கண்ணுக்குப் புலப்படாத கதிரை இடைவிடாது வெளியிடுவதும், கோடிக்கணக்கான ஆண்டுகள் கழிந்தும் வற்றாத ஆற்றலைத் தன்னுள் வைத்திருப்பதும், தக்க தூண்டுதல் கிடைத்தால் வேறொரு பொருளாகவே மாறிவிடுவதும் மாயக்கதைகளில் வரும் அபூர்வக் கனிமங்களுக்குக் கற்பனையில் ஏற்றிச் சொல்லப்படும் இயல்புகள். ஆயினும், இம்மூன்று இயல்புகளையும் பெற்ற தோரியம் என்னும் தனிமத்தைத் தாங்கிய மோனசைட் என்ற கனிமம், மாமல்லபுரத்திற்குத் தெற்கே சதுரங்கப்பட்டினம், கல்பாக்கம் கரைகளில் மணலோடு மணலாகக் கலந்து கிடக்கிறது. தேன் நிறமோ பழுப்பு நிறமோ கொண்ட இச்சிறுமணி, சீரியம், லாந்தனம், நியோடிமியம் முதலிய அருமண் தனிமங்களும் தோரியமும் பாஸ்பேட்டாகப் பிணைந்து உருவானது. இந்தியக் கடற்கரை மோனசைட்டில் தோரியம் ஆக்சைடின் பங்கு ஏறத்தாழ 9 விழுக்காடு.

இம்மணிகள் கடலில் பிறந்தவை அல்ல. பல்லாவரம் முதல் செங்கல்பட்டு வரையிலான குன்றுகளில் பரவலாகக் காணப்படும் சார்னோக்கைட் முதலிய பழம்பாறைகள் ஏறத்தாழ 250 கோடி ஆண்டு வயதுடையவை. இத்தகைய பாறைகள் வெயிலிலும் மழையிலும் சிதைந்து பொடியாகும்போது, சிதைவுக்கு எளிதில் ஆட்படாத கனிமங்கள் மட்டும் மணியாக எஞ்சி, பாலாறு போன்ற நீரோட்டங்களின் வழியே கரையை அடைகின்றன. அங்கே அலைகள் முறத்தில் புடைப்பது போல அவற்றைப் பிரிக்கின்றன: சாதாரண மணலின் பெரும்பகுதியான குவார்ட்ஸ் நீரைப்போல் இரண்டரை மடங்குக்குச் சற்று மேற்பட்ட எடை கொண்டது, மோனசைட்டோ ஏறத்தாழ ஐந்து மடங்கு எடை கொண்டது என்பதால், இலேசானது அடித்துச் செல்லப்பட, கனமானது கரையிலேயே தங்கிவிடுகிறது. இவ்வாறு படியும் கருமணல் பட்டைகளின் கருமை இல்மனைட் என்னும் டைட்டானியத் தாதுவுக்கு உரியது. செம்மை கார்னெட்டுக்கு உரியது. மோனசைட் அவற்றிடையே சிறுபங்கே. அச்சிறுபங்கும் கல்பாக்கம் கரையின் சில இடங்களில் இயற்கைக் கதிரியக்க அளவைச் சுற்றுப்புறத்தைவிட உயர்த்தப் போதுமானதாக இருப்பதை அப்பகுதி மணலை ஆராய்ந்தவர்கள் அளந்து காட்டியுள்ளனர். இந்த உயர்வுக்கு அங்குள்ள அணுமின் நிலையம் காரணமன்று. இதைவிட மிகுந்த இயற்கைக் கதிரியக்கம் உள்ள கேரளத்தின் கருநாகப்பள்ளியில், திருவனந்தபுரம் மண்டலப் புற்றுநோய் மையம் நீண்ட காலம் மக்களைத் தொடர்ந்து கவனித்து 2009இல் வெளியிட்ட ஆய்விலும், அதனால் புற்றுநோய் மிகுந்ததற்கான சான்று காணப்படவில்லை.

தோரியத்தை 1828இல் சுவீடன் வேதியியலர் பெர்சீலியஸ் கண்டறிந்தார். அதன் கதிரியக்கத்தை 1898இல் கெர்ஹார்ட் ஷ்மிட்டும் மேரி கியூரியும் தனித்தனியே கண்டனர். ஆனால் உலகம் அதைத் தேடத் தொடங்கியது அதன் கதிருக்காக அன்று, ஒளிக்காகவே. 1891இல் ஆஸ்திரிய வேதியியலர் கார்ல் ஆவர் ஃபான் வெல்ஸ்பாக், 99 பங்கு தோரியம் ஆக்சைடும் 1 பங்கு சீரியம் ஆக்சைடும் கொண்ட வலைப்பையைச் சுடரின் மேல் பொருத்தினால் அது வெண்ணொளி வீசும் என்று காட்டினார். திருமண ஊர்வலங்களிலும் தெருக்கூத்து மேடைகளிலும் இரவைப் பகலாக்கிய பெட்ரோமாக்ஸ் விளக்கின் மேண்டில் இந்த வலைப்பைதான். அதற்கான தோரியத்துக்கு உலகமெங்கும் தேவை பெருகிய காலத்தில், 1909இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானியர், திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான கயிற்று நாரில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டார். அதன் பயனாகவே இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சியில் மணல் பிரிக்கும் தொழில் தொடங்கியது.

இந்தியக் கரைகளில் உள்ள மோனசைட் 1 கோடியே 20 லட்சம் டன்னுக்கு மேல் என மதிப்பிடப்பட்டுள்ளது. இதைக் கொண்டு மின்சாரம் உடனே பெருகிவிடும் என்று அவ்வப்போது சொல்லப்படுவது, தோரியத்தின் இயல்பை அறியாத பேச்சு. தோரியம் தானாக எரிபொருள் ஆகாது. அதன் அரை ஆயுள், அதாவது ஒரு குறிப்பிட்ட அளவு தோரியத்தில் பாதி சிதைவதற்கு ஆகும் காலம், ஏறத்தாழ 1,400 கோடி ஆண்டுகள். பேரண்டத்தின் வயதே அதைவிடச் சற்றுக் குறைவு. அத்துணை மெதுவாகச் சிதையும் அணுவை, நியூட்ரான் என்னும் மின்னேற்றமற்ற துகளைக் கொண்டு தாக்கினால், அது அத்துகளை ஏற்று, ஏறத்தாழ 22 நிமிட அரை ஆயுளோடு புரோட்டாக்டினியமாகவும், அதன்பின் ஏறத்தாழ 27 நாள் அரை ஆயுளோடு யுரேனியம்-233 ஆகவும் மாறுகிறது. பிளந்து ஆற்றல் தருவது இந்த யுரேனியமே. எனவே தோரியத்தைப் பயன்படுத்த முதலில் வேறு எரிபொருள் கொண்டு நியூட்ரான்களை உண்டாக்கியாக வேண்டும். இந்திய அணு இயற்பியலர் ஹோமி பாபா 1954இல் முன்வைத்த மூன்று கட்டத் திட்டம் இத்தேவையிலிருந்தே பிறந்தது. முதற்கட்டத்தில் இயற்கை யுரேனியத்தை எரித்துப் புளுட்டோனியம் பெறுவதும், இரண்டாம் கட்டத்தில் ஈனுலைகளில், அதாவது செலவழிப்பதைவிட அதிக எரிபொருளை உண்டாக்கும் உலைகளில், அதைப் பெருக்குவதும், மூன்றாம் கட்டத்தில் தோரியத்தைப் பெருமளவில் பயன்படுத்துவதும் அதன் வரிசை.

இவ்வரிசையின் ஒவ்வொரு படியின் தடயமும் கல்பாக்கத்தில் இருப்பது குறிப்பிடத்தக்கது. 1983இல் இயங்கத் தொடங்கிய சென்னை அணுமின் நிலையம் முதற்கட்டத்தைச் சேர்ந்தது. 1985இல் இயங்கத் தொடங்கிய சோதனை ஈனுலையும், 2024 மார்ச்சில் உலை உள்ளகத்தை நிரப்பும் பணி தொடங்கப்பட்ட 500 மெகாவாட் முன்மாதிரி ஈனுலையும் இரண்டாம் கட்டத்தைச் சேர்ந்தவை. மூன்றாம் கட்டத்தின் முன்னோடியோ அளவில் மிகச் சிறியது. இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மையத்தில் 1996 அக்டோபரில் இயங்கத் தொடங்கிய காமினி உலையின் ஆற்றல் 30 கிலோவாட் மட்டுமே என்றாலும், அதன் எரிபொருள் தோரியத்திலிருந்து பிறந்த யுரேனியம்-233. மின்சாரம் எடுப்பதற்காக அன்றி நியூட்ரான் கற்றைக்காகவே அமைந்த அவ்வுலை, பொருள்களின் உட்புறத்தைச் சிதைக்காமல் படமெடுக்கவும், விண்கலங்களில் பயன்படும் சிறு வெடிகருவிகளைச் சோதிக்கவும் உதவுகிறது.

தோரியத்தை யுரேனியம்-233 ஆக மாற்றுவதில் ஒரு பெரும் இடர் உண்டு. யுரேனியம்-233 உருவாகும்போது கூடவே சிறிதளவு யுரேனியம்-232 உண்டாகிறது. அதன் வழித்தோன்றலான தாலியம்-208 மிகக் கடுமையான காமாக் கதிரை வீசுகிறது. அதனால், இந்த எரிபொருளைப் பிரித்தெடுப்பதும் வடிவமைப்பதும் பெருமளவில் நடைபெற வேண்டுமானால், தடித்த சுவர்களுக்கு அப்பாலிருந்து எந்திரக் கைகளால்தான் எல்லாவற்றையும் கையாள முடியும். தோரியம் தாமதமாவதற்கு மணலின் குறைவு காரணமன்று, இந்த வேலையின் கடுமையும் இரண்டாம் கட்டத்தில் போதிய புளுட்டோனியம் சேர வேண்டிய காத்திருப்புமே காரணம்.