ஸ்விட்ச் யாரிடம் பாடம் படிக்கிறது?

கணினியின் ஐ.பி. முகவரி, அது சேரும் வலையமைப்புக்கு ஏற்ப மாறும். இன்னொரு முகவரியும் அதற்கு உண்டு: தயாரிக்கும்போதே பதியப்படும் மேக் முகவரி. 48 பிட் நீளமுள்ள இதன் முற்பாதி, பொதுவாகத் தயாரிப்பாளரைக் குறிக்கும். அதை ஒதுக்கித் தருவது ஐ.இ.இ.இ. அமைப்பு.

அலுவலக மூலையில் விளக்குகள் மினுங்க இருக்கும் ஸ்விட்ச் பெட்டி, இந்த முகவரியைப் பார்த்துத்தான் தரவைக் கடத்துகிறது. எந்தக் கணினியின் கம்பி எந்தத் துளையில் செருகப்பட்டுள்ளது என்று அதற்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. வரும் ஒவ்வொரு தரவுப் பொதியிலும் அனுப்பியவர் முகவரி இருக்கிறதே, அதைத் துளை எண்ணோடு குறித்துக்கொள்ளும். பெறுநர் இருக்கும் இடம் தெரியாவிட்டால், வந்த துளையை விட்டு மற்ற எல்லாத் துளைகளிலும் அனுப்பும். உரியவர் பதில் அனுப்பியதும் அவர் இடமும் பதிவாகிவிடும். பல ஸ்விட்சுகளில், 5 நிமிடம் பேச்சில்லாத முகவரி பட்டியலிலிருந்து நீங்கிவிடும். எத்தனை அழகான ஏற்பாடு!

ஆனால், ஸ்விட்சுகளை வட்டமாக இணைத்துவிட்டால் ஆபத்து. எல்லாருக்குமாக அனுப்பிய பொதி ஓயாமல் சுற்றும், பெருகும், வலையமைப்பே முடங்கும். ஏனெனில், ஈதர்நெட் எனப்படும் இந்தக் கம்பி வலையமைப்பில் பொதிக்கு ஆயுள் வரம்பு கிடையாது. இந்த முடக்கத்துக்குத் தீர்வு கண்டவர் அமெரிக்கக் கணினி அறிஞர் ரேடியா பெர்ல்மன். 1985இல் அவர் வெளியிட்ட 'ஸ்பானிங் ட்ரீ' முறையில், ஸ்விட்சுகள் தமக்குள் பேசி, ஒன்றைத் தலைமையாகத் தேர்ந்து, வட்டத்தை உண்டாக்கும் இணைப்பைத் தாமே அடைத்துவைக்கும். வேறொரு கம்பி அறுந்தால், அடைத்த வழியைத் திறந்துகொள்ளும்.